ஜி71: பரம்பரைத் தசைச்சிதைவு நோய்களுக்குக் குறியீடு போடப் பழகுகிறவர்களுக்கு

மருத்துவர் எழுதிய குறிப்பைப் படித்து நோய்களுக்கு எண் குறியீடு போடும் மெடிக்கல் கோடிங் வேலை என்னுடையது. சேர்ந்த மூன்றாவது மாதம் ஒரு சார்ட், அதாவது ஒரு நோயாளியின் மருத்துவப் பதிவு, சிவப்புக் குறியோடு திரும்பி வந்தது. ஆறு வயதுச் சிறுவன். அமெரிக்காவில் ஏதோ ஓர் ஊரில், நரம்பியல் மருத்துவரின் புறநோயாளிப் பிரிவுக்கு அம்மாவோடு வந்திருக்கிறான். அடிக்கடி விழுகிறான். தரையிலிருந்து எழும்போது கையைத் தொடையில் ஊன்றித் தன் உடம்பின் மேல் தானே ஏறுவதுபோல் எழுகிறான். கெண்டைக்கால் பருத்திருக்கிறது. ரத்தத்தில் சிகே என்ற தசை நொதியின் அளவு எக்கச்சக்கம். கடைசி வரியில் மருத்துவர், டூஷேன் தசைச்சிதைவாக இருக்கக்கூடும், மரபணுப் பரிசோதனைக்கு அனுப்பியிருக்கிறேன் என்று எழுதியிருந்தார். நான் யோசிக்கவே இல்லை. டூஷேனுக்கான ஜி71.01 என்று போட்டுவிட்டு அடுத்த சார்ட்டைத் திறந்தேன்.

நாங்கள் போட்ட குறியீடுகளைச் சரிபார்க்கும் ஆடிட்டர் எழுதிய குறிப்பு ஒரே வரி: "இந்தப் பையனுக்கு நோய் இருப்பதாக யார் சொன்னது?"

அது 2020. ஊரடங்குக் காலம். திருத்துறைப்பூண்டிக்குப் பக்கத்தில் எங்கள் வீட்டு நெல் அறையின் ஒரு மூலையில் மேசை போட்டு இரவு வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். விடிந்ததும் அப்பாவிடம் புலம்பினேன். அவர் கடைமடை விவசாயி. பொறுமையாகக் கேட்டார். "மேட்டூரில் திறந்துவிட்டார்கள் என்று ரேடியோவில் சொன்னால் நம் மடைக்குத் தண்ணீர் வந்துவிட்டதாக அர்த்தமா, அம்மா?" என்றார். மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு வயலுக்குப் போய்விட்டார்.

புறநோயாளிச் சார்ட்டில் இருக்கலாம், சந்தேகம், இல்லையென்று உறுதிசெய்ய வேண்டும் என்ற சொற்களோடு வரும் நோய்க்குக் குறியீடு கிடையாது. மருத்துவர் உறுதியாகக் கண்ட அறிகுறிகளுக்குத்தான் உண்டு. அந்தப் பையனுக்கு நான் போட்டிருக்க வேண்டியவை எம்62.81, ஆர்29.6, ஆர்74.8. முறையே பொதுவான தசை பலவீனம், அடிக்கடி விழுதல், ரத்தத்தில் நொதி அளவு மாறுபாடு. உள்நோயாளியாக மருத்துவமனையில் தங்கி வீட்டுக்கு அனுப்பப்படும் நாளிலும் சந்தேகம் சந்தேகமாகவே எழுதப்பட்டிருந்தால், விதி தலைகீழ்: நோய் இருப்பதாகவே கொண்டு குறியீடு போட வேண்டும். ஒரே வாக்கியம், இரண்டு கட்டடங்களில் இரண்டு பொருள். புதிதாக வருகிறவர்கள் வழுக்கி விழும் முதல் இடம் இது. நானும் விழுந்தேன்.

டெல்டா மாவட்டங்களிலிருந்து மெடிக்கல் கோடிங் படிக்கக் கிளம்பும் பிள்ளைகள் பலர் என்னிடம் சந்தேகம் கேட்கிறார்கள். நர்சிங், பிசியோதெரபி, பார்மசி, உயிரியல் எதுவாவது படித்தவர்கள். அவர்களுக்குச் சொல்வதையே இங்கே எழுதுகிறேன். நான் ஜி, எம், இசட் என்று தமிழில் எழுதுவதைத் திரையில் ஆங்கில எழுத்தாகத் தேடுங்கள். எண்கள் அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1 முதல் புழங்கும் ஐசிடி-10-சிஎம் என்ற நோய்க் குறியீட்டுப் பட்டியலைச் சேர்ந்தவை.

புத்தகத்தைத் திறப்பதற்கு முன்

நோயைத் தெரிந்துகொள்ளாமல் குறியீட்டை மனப்பாடம் செய்கிறவர்கள் இரண்டே மாதத்தில் களைத்துப்போகிறார்கள். பெரிய படிப்பு வேண்டாம். ஐந்தாறு நோய்களின் முகம் தெரிந்தால் போதும்.

டூஷேன் பெரும்பாலும் ஆண் குழந்தைகளைத் தாக்கும். டிஸ்ட்ரோபின் என்ற புரதத்தைச் செய்யும் மரபணு எக்ஸ் குரோமோசோமில் இருக்கிறது. மனித மரபணுக்களிலேயே மிகப் பெரியது அது, எக்ஸான் எனப்படும் 79 துண்டுகள் கொண்டது. அதில் பழுது ஏற்பட்டுப் புரதம் கிட்டத்தட்ட இல்லாமலே போனால் டூஷேன். குறைந்தோ குறுகியோ உருவானால் பெக்கர். அது தாமதமாக வரும், மெதுவாக நகரும். எல்லாப் பையன்களுக்கும் அம்மாவிடமிருந்தே வருகிறது என்று நினைக்காதீர்கள். ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்குக் குழந்தைகளுக்கு அந்தப் பழுது புதிதாக ஏற்பட்டது. பரம்பரையில் யாருக்கும் இல்லை என்ற வரியைப் பார்த்ததும் மருத்துவர் தவறாக எழுதிவிட்டாரோ என்று குழம்ப வேண்டியதில்லை.

முகம், தோள்பட்டை, மேற்கையில் தொடங்குவது பேசியோஸ்கேபுலோஹியூமரல். பெயர்தான் நீளம்; சார்ட்டில் எஃப்எஸ்ஹெச்டி என்று சுருங்கி நிற்கும். இடுப்பையும் தோளையும் சுற்றிய தசைகளில் தொடங்குவது லிம்ப் கர்டில். இது ஒரு நோய் இல்லை, ஒரு கூட்டுக்குடும்பம். இதன் வகைகளில் பல, தாய் தகப்பன் இருவரிடமிருந்தும் பழுதான மரபணுப் பிரதி வந்து சேர்ந்தால்தான் வெளிப்படும்; இதுதான் ஒடுங்கு மரபுவழி. ஒருவரிடமிருந்து வந்தாலே வெளிப்பட்டால் ஓங்கு மரபுவழி. அத்தை மகன், மாமன் மகள் என்று சொந்தத்துக்குள்ளேயே திருமணம் செய்யும் நம் பக்கத்தில் ஒடுங்கு வழியைச் சொன்னால் உடனே புரிகிறது. மயோட்டானிக் வகையில் பிடித்த கை சட்டென்று விடாது. கை குலுக்கினால் விரல்கள் விரிய நேரமாகும். கண்ணில் புரை, இதயத் துடிப்பில் கோளாறு என்று மற்ற உறுப்புகளையும் இழுக்கும்.

இவ்வளவு தெரிந்துவிட்டால் சார்ட்டில் ஏன் இதய மருத்துவர் வருகிறார், ஏன் கண் மருத்துவர் வருகிறார் என்று திகைக்க மாட்டீர்கள்.

ஆறு பிரிவதுபோல

கல்லணையில் காவிரியிலிருந்து வெண்ணாறு பிரிகிறது. நீடாமங்கலத்துக்கு அருகே மூணாறு தலைப்பில் வெண்ணாற்றிலிருந்து கோரையாறும் பாமணியாறும் பிரிகின்றன. அதற்குப் பிறகு வாய்க்கால், கன்னி வாய்க்கால், மடை. ஐசிடி குறியீட்டின் அமைப்பும் இப்படித்தான். முதல் மூன்று இடம் ஆறு. புள்ளிக்குப் பிறகு வருவதெல்லாம் கிளை. எங்கே கிளை இருக்கிறதோ அங்கே நடுவில் நிற்க உங்களுக்கு அனுமதி இல்லை. ஜி71.0 என்று மட்டும் போட்டால் அது செல்லாது.

ஆறு: ஜி71, தசையின் முதன்மை நோய்கள். அதில் ஜி71.0 தசைச்சிதைவு. 2018 செப்டம்பர் வரை டூஷேனும் எஃப்எஸ்ஹெச்டியும் லிம்ப் கர்டிலும் இந்த ஒரே எண்ணுக்குள் அடைந்து கிடந்தன. அந்த ஆண்டு அக்டோபர் 1 முதல் பிரித்தார்கள். ஜி71.00 வகை குறிப்பிடப்படாதது, ஜி71.01 டூஷேன் அல்லது பெக்கர், ஜி71.02 எஃப்எஸ்ஹெச்டி, ஜி71.09 மற்ற குறிப்பிட்ட வகைகள். பிறவித் தசைச்சிதைவு, எமரி டிரைஃபஸ், கண்ணையும் தொண்டையையும் பாதிக்கும் வகை எல்லாம் இந்தக் கடைசி எண்ணுக்குப் போகும்.

பிறகு லிம்ப் கர்டிலுக்கென்று ஜி71.03 என்ற தனிக் கிளை வந்தது. அங்கேதான் ஏழு இடம்வரை இறங்க வேண்டியிருக்கும். ஓங்கு மரபுவழி வருவது ஜி71.031. கால்பெயின்-3 என்ற புரதத்தின் கோளாறால் வரும் ஒடுங்கு மரபுவழி வகை ஜி71.032. அடுத்து வருபவையும் புரதங்களின் பெயர்களே. டிஸ்ஃபெர்லின் ஜி71.033. சார்கோகிளைக்கான் என்றால் இன்னும் உள்ளே போய், ஆல்ஃபாவா பீட்டாவா என்று பார்த்து ஜி71.0341 அல்லது ஜி71.0342, எது என்று எழுதவில்லையென்றால் ஜி71.0340. அனோக்டமின்-5 ஜி71.035. லிம்ப் கர்டில் என்பதற்கு மேல் ஒன்றும் எழுதப்படவில்லையென்றால் ஜி71.039.

மயோட்டானிக் தசைச்சிதைவு பெயரில் தசைச்சிதைவு இருந்தாலும் ஜி71.0-வில் இல்லை, ஜி71.11. பிறவித் தசைச்சிதைவும் பிறவி மயோபதியும் (மயோபதி என்றால் தசை நோய் என்ற பொதுச்சொல்) ஒன்றில்லை, பிறவி மயோபதி ஜி71.2-வில் இருக்கிறது. இந்த இரண்டையும் தேர்வுக்கு முந்தைய இரவு ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள்.

குறியீட்டுப் புத்தகத்தின் அகரவரிசைப் பகுதியில் தேடும்போது மஸ்குலர் என்று தேடாதீர்கள். தலைச்சொல் டிஸ்ட்ரோபி, அதற்குக் கீழே மஸ்குலர், அதற்குக் கீழே வகை. டூஷேன் என்ற பெயரைத் தலைச்சொல்லாக எடுத்துக்கொண்டு போகிறவர்களுக்கு ஒரு குழி வெட்டி வைத்திருக்கிறார்கள். 19ஆம் நூற்றாண்டின் அந்தப் பிரெஞ்சு மருத்துவர் பல நோய்களுக்குப் பெயர் கொடுத்தவர். அவர் பெயருக்குக் கீழே இயக்க நரம்பு நோய் இருக்கிறது, பிரசவத்தின்போது குழந்தையின் கையில் ஏற்படும் வாதம் இருக்கிறது, சிஃபிலிஸ் முற்றி வரும் நடைத் தள்ளாட்டம்கூட இருக்கிறது. அவசரத்தில் கண் ஒரு வரி தவறி இறங்கினால் எட்டு வயதுப் பையனுக்குச் சிஃபிலிஸ் கட்டிவிடுவீர்கள். அகரவரிசையில் கிடைத்த எண்ணை எண்வரிசைப் பகுதியில் திருப்பிப் பார்க்காமல் எழுதக் கூடாது என்று ஆசிரியர்கள் தலையில் அடித்துக்கொண்டு சொல்வது இதற்காகத்தான்.

பக்கத்து ஆற்றுத் தண்ணீர்

தமிழில் நமக்கு ஒரு கூடுதல் தொல்லை. தசை தேய்ந்துபோகும் எதையும் தசைச்சிதைவு என்று சொல்லிவிடுகிறோம். 16 கோடி ரூபாய் ஊசிக்காக ஊரெல்லாம் நிதி திரட்டிய குழந்தைகளைப் பற்றிப் பத்திரிகையில் படித்திருப்பீர்கள். அது முதுகுத்தண்டுத் தசைச்சிதைவு, எஸ்எம்ஏ. பழுது தசையில் இல்லை, தசைக்குக் கட்டளை போகும் நரம்பணுவில். அதனால் அது ஜி12: முதல் வகை ஜி12.0, மற்றப் பரம்பரை வகைகள் ஜி12.1. ஜி71 பக்கமே வராது.

ஷார்கோ மரி டூத் நோயில் கால் சூம்பும். ஆனால் அது புற நரம்பின் நோய், ஜி60.0. பாம்ப்பே நோயில் தசை பலவீனமாகும். ஆனால் வேர் வளர்சிதை மாற்றத்தில், ஆகவே இ74.02. மது, மருந்து போன்றவற்றால் பின்னால் வரும் மயோபதி ஜி72. தசை மெலிவு என்று மட்டும் மருத்துவர் எழுதியிருந்தால் எம்62.5- (கோடு, இன்னும் கிளை உண்டு என்பதற்கு). இந்தக் கடைசி எண்ணைப் பரம்பரை நோய்க்குப் போடுவது நான் பார்க்கும் தவறுகளில் மிகச் சாதாரணமானது, ஏனென்றால் பாடத்திட்டத்தில் மெலிவு என்ற சொல்தான் முதலில் கண்ணில் படுகிறது. ஒவ்வொரு தலைப்புக்கும் கீழே இன்னது இங்கே சேராது என்று சிறிய எழுத்தில் போட்டிருப்பார்கள். புதியவர்கள் படிக்காமல் தாண்டும் பகுதி அதுவே. சம்பளம் வாங்குவது அதைப் படிப்பதற்காகத்தான் என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு சார்ட்டைக் கூடவே உட்கார்ந்து படிப்போம்

பயிற்சிக்காக நான் எழுதிவைத்திருப்பது இது. பதிமூன்று வயதுப் பையன். மரபணுப் பரிசோதனையில் உறுதியான டூஷேன். பதினோரு வயதிலிருந்து சக்கர நாற்காலியைச் சார்ந்திருக்கிறான். டெஃப்ளாசகார்ட் என்ற ஸ்டீராய்டு தினமும், ஐந்து வருடமாக. மார்பு-இடுப்புப் பகுதியில் நரம்புத்தசை சார்ந்த முதுகு வளைவு, அறுவை மருத்துவரிடம் அனுப்பப்படுகிறான். எக்கோவில் டைலேட்டட் கார்டியோமயோபதி (இதயம் விரிந்து பலவீனமாவது), மருந்து கூட்டப்பட்டது. கெண்டைக்கால் பருமன், தசை பலவீனம். இரவில் பைபேப் என்ற, முகமூடி வழியாக மூச்சுக்கு உதவும் கருவியைப் பயன்படுத்துகிறான்.

முதலில் எடுப்பது ஜி71.01. அடுத்து எதை விட வேண்டும் என்று பாருங்கள். கெண்டைக்கால் பருமனும் பலவீனமும் டூஷேனோடு எப்போதும் கூட வருபவை. நோயின் பெயர் உறுதியான பிறகு அவற்றுக்குத் தனிக் குறியீடு போடுவதில்லை. ஆனால் முதுகு வளைவும் இதயமும் அப்படி இல்லை. எல்லா நோயாளிக்கும் ஒரே நேரத்தில் வருவதில்லை, தனியாகக் கவனிக்கவும் படுகின்றன. முதுகுக்கு எம்41.45, அந்தக் கடைசி 5 மார்பு-இடுப்புப் பகுதியைச் சொல்கிறது, மார்பு மட்டும் என்றால் 4, இடுப்பு மட்டும் என்றால் 6. இதயத்துக்கு ஐ42.0. நீண்ட நாள் ஸ்டீராய்டுக்கு இசட்79.52.

சக்கர நாற்காலிக்கு இசட்99.3. இதன் கீழே, சார்ந்திருப்பதற்கான காரணத்தை முதலில் எழுது என்று சொல்லி, தசைச்சிதைவையே உதாரணமாகக் காட்டியிருக்கிறது புத்தகம். இந்த வரிசையை மாற்றி இசட் எண்ணை முதலில் வைத்தால் கணினியே துப்பிவிடும்.

பைபேப்தான் எல்லோரும் தடுக்கி விழும் கல். பைபேப் என்ற சொல்லைப் பார்த்ததும் வென்டிலேட்டரைச் சார்ந்திருப்பதற்கான இசட்99.11 கை தானாகப் போட்டுவிடும். போடாதீர்கள். வென்டிலேட்டர் என்று மருத்துவர் எழுதவில்லை. மூச்சுச் செயலிழப்புக்கான ஜே96.1-வும் அப்படித்தான்: பைபேப் இருக்கிறதே, செயலிழப்பு இல்லாமலா கொடுப்பார்கள் என்று உங்கள் அறிவு வாதாடும். அந்த வாதம் மருத்துவரின் வேலை. உங்களுக்கு ஐயம் இருந்தால் அவருக்குக் கேள்வி எழுதி அனுப்பலாம்.

அந்தக் கேள்வியையும் எழுதத் தெரிய வேண்டும். நோயாளிக்கு நாட்பட்ட மூச்சுச் செயலிழப்பு இருக்கிறதுதானே என்று கேட்டால் அது கேள்வி இல்லை, பதிலை வாயில் ஊட்டுவது. சார்ட்டில் உள்ள சான்றைச் சொல்லி, எந்த நோய்க்காகப் பைபேப் தரப்படுகிறது, குறிப்பிட இயலுமா என்று கேட்பதோடு நிறுத்துங்கள்.

மரபணு அறிக்கை இணைக்கப்பட்டிருந்து, மருத்துவர் தன் குறிப்பில் வெறும் தசைச்சிதைவு என்று எழுதியிருந்தால்? அறிக்கையில் எக்ஸான் 45 முதல் 50 வரை இல்லை என்று தெளிவாக இருக்கிறது. உங்களுக்கும் விஷயம் தெரியும். ஆனாலும் நீங்கள் போடக்கூடியது ஜி71.00, அல்லது ஒரு கேள்வி. ஆய்வகத் தாளிலிருந்து நோயைக் கண்டுபிடிப்பது கோடரின் வேலை இல்லை. பிசியோதெரபி படித்துவிட்டு வந்தவர்களுக்கு இது கசக்கும். எனக்குத் தெரிந்த ஒரு பெண் இதற்காகவே முதல் மாதம் ஆடிட்டரோடு சண்டை போட்டாள். இப்போது அவளே ஆடிட்டர்.

அம்மாவும் அக்காவும்

பையனின் சார்ட்டோடு அம்மாவின் சார்ட்டும் வரும். டிஸ்ட்ரோபின் மரபணுப் பழுதைச் சுமப்பவர், நோய் இல்லை என்றால் இசட்14.8. அக்காவுக்கு இன்னும் பரிசோதனை செய்யவில்லை, தம்பிக்கு இருக்கிறது என்பது மட்டும் தெரியும் என்றால் குடும்ப வரலாற்றுக்கான இசட்82.0. அம்மாவுக்கே தசை பலவீனம் தெரிந்து, மருத்துவர் அதை நோயாகவே பெயரிட்டு எழுதியிருந்தால் அவர் சுமப்பவர் மட்டும் இல்லை. நோய்க்குரிய எண்ணே அவருக்கும்.

நம் ஊர்க் கோப்பு

இங்கே இந்திய மருத்துவமனைகளின் பதிவேட்டில் புழங்குவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. அதில் டூஷேன், பெக்கர், லிம்ப் கர்டில் எல்லாம் இன்னும் ஜி71.0 என்ற ஒரே இடத்தில்தான். அமெரிக்கச் சார்ட் பார்த்துப் பழகியவர்கள் நம் ஊர்ப் பதிவேட்டில் ஜி71.01 தேடினால் கிடைக்காது. 2022 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த ஐசிடி-11 இன்னொரு கணக்கு: தசைச்சிதைவு 8சி70, அதில் பெக்கர் 8சி70.0, டூஷேன் 8சி70.1 என்று அண்ணன் தம்பிக்குப் பாகம் பிரித்துவிட்டார்கள். அமெரிக்கப் பதிப்பில் இரண்டும் ஒரே எண் என்பதால் டூஷேனா பெக்கரா என்று கவலைப்படாமல் இருந்தவர்கள் இனி அதையும் பார்க்கப் பழக வேண்டியதுதான்.

சென்ற ஆண்டு தெருவில் ஓர் அக்கா மஞ்சள் பையில் மகனின் தாள்களை எடுத்துக்கொண்டு வந்தார். மாற்றுத்திறனாளிச் சான்றிதழுக்கு அலைந்துகொண்டிருந்தார். ஆறு தாள். ஐந்தில் மயோபதி என்றே இருந்தது; ஒன்றில் கையெழுத்து புரியவே இல்லை. 2016ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைகள் சட்டம் பட்டியலிடும் 21 வகைகளில் தசைச்சிதைவு பெயரோடு இருக்கிறது. அரிய நோய்களுக்கான 2021 தேசியக் கொள்கையிலும் டூஷேன் இருக்கிறது. ஆனால் மயோபதி என்ற பொதுச்சொல் அந்தப் பட்டியல்கள் எதிலும் இல்லை. என்னால் அவருக்குச் செய்ய முடிந்தது ஒன்றுதான்: அடுத்த முறை மருத்துவரைப் பார்க்கும்போது, நோயின் முழுப் பெயரையும் எதைக் கொண்டு உறுதிசெய்தார் என்பதையும் தாளில் எழுதித் தரச் சொல்லிக் கேளுங்கள், அக்கா என்றேன். மூன்று வாரம் கழித்து ஒரு தாளைக் கொண்டுவந்து காட்டினார். அதில் டூஷேன் என்று இருந்தது. நான் வேலையில் தினமும் மருத்துவர்களிடம் கேட்கும் அதே கேள்வியைத்தான் அவரும் போய்க் கேட்டிருந்தார்.

தேர்வும் வேலையும்

பெரும்பாலோர் எழுதுவது சிபிசி என்ற கோடிங் சான்றிதழ்த் தேர்வு. 100 கேள்விகள், நான்கு மணி நேரம், தேர்ச்சிக்கு 70 சதவீதம். அனுமதிக்கப்பட்ட புத்தகங்களை வைத்துக்கொண்டு எழுதலாம். ஆனால் புரட்டிக்கொண்டிருந்தால் நேரம் ஓடிவிடும். அனுபவம் இல்லாதவர்களுக்குப் பட்டத்தின் வாலில் பயிற்சிநிலை என்பதற்கான ஏ எழுத்து ஒட்டிக்கொண்டிருக்கும். வேலை பார்த்த பிறகு எடுத்துவிடுவார்கள். நூறு சதவீத வேலை உத்தரவாதம் என்று பேனர் கட்டிப் பணம் கேட்கும் இடங்களில் ரசீதும் எழுத்தும் இல்லாமல் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

புத்தகத்தின் ஆண்டைப் பாருங்கள். ஒவ்வொரு அக்டோபர் 1-லும் எண்கள் மாறுகின்றன, ஏப்ரலிலும் சில மாறலாம். நோயாளி மருத்துவரைப் பார்த்த தேதி எதுவோ அந்தத் தேதிக்குரிய பதிப்புதான் செல்லும், நீங்கள் உட்கார்ந்து குறியீடு போடும் தேதி அல்ல. பழைய புத்தகம் பாதி விலைக்குக் கிடைக்கிறது என்று கும்பகோணத்தில் வாங்கிவந்த ஒரு தம்பியின் பிரதியில் ஜி71.03 என்ற கிளையே இல்லை.

ஒரு கணக்கு

மூடிவைத்துவிட்டுப் போவதற்கு முன் இதைப் போட்டுப் பாருங்கள். இருபத்தெட்டு வயதுப் பெண், புறநோயாளி. முதல் வருகை, ஜூன் மாதம்: "லிம்ப் கர்டில் தசைச்சிதைவு. கால்பெயின் வகையாக இருக்கலாம், மரபணு முடிவு வரவில்லை." இரண்டாம் வருகை, ஆகஸ்ட்: "கால்பெயின்-3 கோளாறால் வந்த ஒடுங்கு மரபுவழி லிம்ப் கர்டில், பரிசோதனையில் உறுதி."

ஜூனுக்கு ஜி71.039. லிம்ப் கர்டில் என்பதில் மருத்துவருக்குச் சந்தேகம் இல்லை, வகையில்தான் சந்தேகம். ஆகவே உறுதியான இடம்வரை இறங்கி நிற்கிறோம். ஆகஸ்டுக்கு ஜி71.032. முடிவு வந்துவிட்டதே என்று ஜூன் மாதத்துச் சார்ட்டைத் திறந்து பழைய எண்ணைத் திருத்தாதீர்கள். ஜூனில் அந்த மருத்துவருக்குத் தெரிந்தது அவ்வளவுதான், அது அப்படியே இருக்கட்டும்.